தாய்மாமன் மடியில் ஒரு கப்பல் பாட்டு

இவானா டப்ளினிலிருந்து போனில் சொன்ன நிபந்தனையை அன்றே டைரியில் எழுதிக்கொண்டேன். அவளுடைய அண்ணன் லூக்கா மொட்டைக்கு வருவான். தாய்மாமனாக உட்கார்ந்து பிள்ளையை மடியில் வைத்துக்கொள்வான். ஆனால் அந்தப் பாட்டு அவன் காதில் விழக் கூடாது. விழுந்தால் பிள்ளையை இறக்கிவிட்டு அங்கிருந்தே ஊருக்குக் கிளம்பிவிடுவான்.

"அத்தை, இதை உங்களிடம்தான் சொல்ல முடியும். மாமாவிடம் சொன்னால் சிரிப்பார்" என்றாள்.

மாமா என்று அவள் சொன்னது என் அண்ணனை; நான் அண்ணாச்சி என்றுதான் கூப்பிடுவேன். அவர் மகன் கார்த்திக்கின் மனைவி இவானா, குரோஷியாக்காரி. அவள் அம்மா நெவென்கா அந்த நாட்டின் பாடகி. எவ்வளவு பெரிய பாடகி என்பது, பதிவுத் திருமணத்துக்கு நாங்கள் ஸ்பிளிட் நகரத்துக்குப் போயிருந்தபோதுதான் தெரிந்தது. டாக்ஸியில் முன்சீட்டில் அவர் ஏறி உட்கார்ந்ததும் டிரைவர் மீட்டரை அணைத்துவிட்டுப் பாட ஆரம்பித்தார். நெவென்காவும் சேர்ந்துகொண்டார். காய்கறிச் சந்தையில் ஒரு அம்மாள் அதே பாட்டைப் பாடி அவர் கையைப் பிடித்து அழுதாள். சாப்பாட்டு மேசையில் மட்டும் ஒரு நாற்காலி கடைசிவரை காலியாக இருந்தது. அது லூக்காவுக்குப் போட்டது. அம்மாவும் மகனும் பல வருடங்களாகப் பேசுவதில்லை.

பேத்தி மாயாவுக்குக் குலசாமி கோவிலில் மொட்டை என்று நிச்சயமானதும் அண்ணாச்சி யாரையும் கேட்காமல் லூக்காவை வீடியோவில் கூப்பிட்டுவிட்டார். "தாய்மாமன் மடியில்லாம மொட்டை போட்டா, சலூன்ல முடி வெட்டுன மாதிரில்லா இருக்கும்? அம்மைக்கும் மவனுக்கும் ஆயிரம் இருக்கும். நம்ம வீட்டு விசேஷத்துக்கு வந்தா எல்லாம் சரியாப் போயிரும்" என்றார்.

மகன் வருவது நெவென்காவுக்குத் தெரியாது. சொன்னால் அவர் வரமாட்டார் என்று இவானா பயந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை தூத்துக்குடி விமான நிலையத்தில் நெவென்காவை அழைக்கப் போனேன். இவானாவும் கார்த்திக்கும் பிள்ளையோடு முன்பே வந்து, அண்ணாச்சி வீட்டில் இருந்தார்கள். நெவென்கா கழுத்தில் பச்சைப் பட்டுத் துண்டைச் சுற்றிக்கொண்டு வெளியே வந்தார். சித்திரை வெயிலில் அதைப் பார்த்து எனக்குத்தான் வேர்த்தது. "தொண்டை" என்று ஆங்கிலத்தில் சொல்லித் தொட்டுக் காட்டினார். அறுபத்தாறு வயது. அடுத்த மாதம் ஸ்பிளிட்டில் கடற்கரை மேடையில் அவருடைய விடைபெறும் கச்சேரி. அதுவரை குளிர்ந்த தண்ணீர் கிடையாது, உரத்த பேச்சு கிடையாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறாராம். அதையே கார் முழுக்கக் கேட்கும்படி உரத்துச் சொன்னார்.

உப்பளங்களைத் தாண்டியதும் வல்லநாட்டில் டீ குடிக்க நிறுத்தச் சொன்னார். வந்ததிலிருந்து பேசிக்கொண்டே இருந்தார். அவர் பிறந்தது ஒரு சின்னத் தீவு. அப்பா படகுத்துறையில் டிக்கெட் கிழிக்கிறவர். பதினாறு வயதில் ஓட்டல் மொட்டைமாடியில் வெள்ளைக்காரச் சுற்றுலாக்காரர்களுக்காகப் பாடினாராம். "அவர்கள் சாப்பிடும் சத்தத்தைவிடச் சத்தமாகப் பாட வேண்டும். அதுதான் எனக்குக் கிடைத்த சங்கீதப் பயிற்சி" என்றார்.

டீக்கடை பெஞ்சில் பூக்கூடையோடு உட்கார்ந்திருந்த பெண் என்னிடம் கேட்டாள். "யாருக்கா இவுக? சினிமாக்காரியா?"

"பாட்டுப் பாடுறவங்க."

"அப்பம் ஒரு பாட்டுப் பாடச் சொல்லுங்களேன், கேப்போம்."

நெவென்கா ஆவலாக என்னைப் பார்த்தார். "என்ன கேட்கிறாள்?"

யார் கேட்டாலும் அவர் முதலில் எடுப்பது அந்தப் பாட்டைத்தான் என்று ஸ்பிளிட்டிலேயே பார்த்திருக்கிறேன். இன்று இங்கே பாடினால் ஒன்றும் ஆகாது. ஆனால் பாடி, கைதட்டல் வாங்கி, ருசி கண்டுவிட்டால் நாளை மகன் முன்னாலும் பாடுவார். "அந்தத் துண்டு என்ன விலை என்று கேட்கிறாள்" என்றேன்.

அவர் துண்டைத் தடவிப் பார்த்துச் சிரித்தார். இதற்குமுன் விருந்தாளியிடம் நான் பொய் சொன்னதில்லை.

திங்கட்கிழமை காலையில் டவுனுக்குப் போனோம். நெல்லையப்பர் கோவிலில் இசைத்தூண்களைக் காட்டினேன். கம்பி வேலிக்கு வெளியே நின்றுதான் பார்க்க வேண்டும். நெவென்கா விரலை மடக்கிக் கம்பிக்குள் நீட்டவும், காவலாளி எழுந்துவந்தார். "தட்டப்படாதும்மா. ஆளாளுக்குத் தட்டித் தட்டித்தான் கல்லு வீணாப் போச்சு."

நான் மொழிபெயர்த்ததும் அவர் காவலாளியைப் பார்த்து வணக்கம் வைத்தார். "எனக்கும் ஒரு வேலி போட்டிருக்கலாம். முப்பது வருடமாக ஒரே இடத்தில் தட்டிக்கொண்டிருக்கிறார்கள்" என்றார்.

அல்வாக் கடைக்கு முன்னால், இலைத் துண்டில் வாங்கிய சுடு அல்வாவை விரலால் வழித்துக்கொண்டே அந்த ஒரே இடத்தைப் பற்றிச் சொன்னார். நான் கேட்கவில்லை. அவராகவே சொன்னார்.

நாடு உடைந்து யுத்தம் வந்தபோது அவருக்கு முப்பதைத் தாண்டியிருந்தது. ஓட்டல்கள் மூடிவிட்டன, ரேடியோவில் பாட்டு நின்றுவிட்டது. கணவர் அதற்கு முன்பே பிரிந்துபோயிருந்தார். ஆறு வயது லூக்காவைத் தீவில் தன் அம்மாவிடம் விட்டுவிட்டு, கைக்குழந்தை இவானாவோடு ஜெர்மனிக்குப் போனார். அங்கே நம் காயல்பட்டினத்து ஆட்கள் வளைகுடாவில் இருப்பதுபோல, வேலைக்குப் போன குரோஷியாக்காரர்கள் நிறைய. சனிக்கிழமைகளில் அவர்கள் கூடும் மண்டபங்களில் பாடினார். அடுத்த மாதம் வருகிறேன், அடுத்த மாதம் வருகிறேன் என்று மகனிடம் சொல்லிக்கொண்டிருந்தார். ஒரு நாள் அறைக்குத் திரும்பியபோது, டெலிபோனோடு இணைந்த பதிவுக் கருவியில் மகன் குரல் இருந்தது. பின்னால் கடல் சத்தம்.

"அம்மா, கப்பல் வந்துவிட்டது. எல்லாரும் இறங்கிவிட்டார்கள். நீ இறங்கவில்லை."

அவ்வளவுதான். அவர் அதைக் கேட்டு ஒரு ராத்திரி அழுதார். மறுநாள் பாட்டாக எழுதினார். ஒலிப்பதிவு செய்தவர் சொன்ன யோசனைப்படி, பாட்டின் தொடக்கத்தில் அந்தக் குரலையே வைத்தார்கள். யுத்தத்தில் ஆள் திரும்பாத வீடெல்லாம் அந்தப் பாட்டைக் கேட்டது.

"அந்தப் பாட்டு என் வீட்டுக்குக் கூரை போட்டது. என் மகனை வீட்டைவிட்டு அனுப்பியது" என்றார். பல பேட்டிகளில் சொல்லித் தேய்ந்த வாக்கியம்போல இருந்தது. சொல்லிவிட்டு அல்வாக் கையைத் துடைக்க இடம் தெரியாமல் நின்றதைப் பார்த்தால் அப்படித் தோன்றவில்லை.

"விடைபெறும் கச்சேரியிலும் அது உண்டா?" என்று கேட்டேன்.

"அது இல்லாமலா? டிக்கெட் வாங்குகிறவர்கள் அதற்குத்தான் வருகிறார்கள். குரலோடுதான்."

அன்று மாலையே லூக்கா வந்துவிட்டான். சென்னையிலிருந்து ரயிலில் வந்தவனை அண்ணாச்சி ஸ்டேஷனுக்கே போய், ரோஜா மாலை போட்டுக் கூட்டிவந்தார். நெவென்கா அப்போது கூடத்தில் தரையில் மூட்டு அறுவைசிகிச்சை செய்த காலை நீட்டி, இலை முன்னால் உட்கார்ந்து, சொதி ஊற்றிய சோற்றைக் கையால் பிசையப் பழகிக்கொண்டிருந்தார். தேங்காய்ப் பால் விரலிடுக்கில் வழிந்தது. வாசலில் மாலையும் முதுகுப்பையுமாக மகன் நின்றான். நாற்பது வயது, முன்வழுக்கை, அம்மாவின் அதே அகலமான நெற்றி.

மாயா தவழ்ந்துபோய் அவன் காலணிக் கயிற்றைப் பிடித்தாள்.

நெவென்கா என் பக்கம் திரும்பி, ஆங்கிலத்தில் மெதுவாகக் கேட்டார். "யார் அழைத்தது?"

அண்ணாச்சிக்கு அந்த அளவு ஆங்கிலம் புரியும். "நாந்தான்!" என்றார் மார்பில் கை வைத்து. "தாய்மாமனாக்கும். மொறையில்லா அது!"

என் மதினி, அண்ணாச்சியின் மனைவி, நிலைமையைப் பார்த்தாள். என்ன செய்வதென்று தெரியாதபோது அவள் எப்போதும் செய்வதையே செய்தாள். "வந்தவுகளை நிக்க வச்சுப் பேசுதீய. பைய உக்காரச் சொல்லுங்க, இலை போடுதேன்" என்று அதே வரிசையில் இன்னொரு இலையைப் போட்டாள். இரண்டு இலைக்கும் நடுவில் நான் போய் உட்கார்ந்துகொண்டேன். லூக்கா இஞ்சித் துவையலை ஊறுகாய் அளவுக்குத் தொட்டுச் சாப்பிட வேண்டும் என்று தெரியாமல் ஒரே வாயில் போட்டுக் கண்கலங்கினான். அம்மா தண்ணீர் டம்ளரை நகர்த்தினார். அவன் எடுக்கவில்லை.

செவ்வாய்க்கிழமை முடி எடுக்கக் கூடாது என்பதால் விசேஷம் புதன்கிழமைக்கு. நடுவில் ஒரு முழுநாள் கிடந்தது. இருவரையும் ஒரே வீட்டில் வைத்திருக்க எனக்குத் துணிவில்லை. நெவென்காவை மதினியோடு விட்டுவிட்டு, வேட்டி எடுக்க லூக்காவை ஆட்டோவில் கூட்டிப்போனேன்.

ஆட்டோக்காரர் பேர் கேட்டார். சொன்னேன். "லூக்காவா? நம்ம சர்ச்சுப் பேரால்ல இருக்கு! எங்க சித்தப்பா பேரு அதுதான். எங்கன வேலை பாக்காரு?"

"ஆஸ்திரியாவுல. லிஃப்ட் ரிப்பேர்" என்றேன்.

"நல்ல வேலை. மாட்டிக்கிட்டவங்கள வெளிய எடுத்து விடுத வேலை" என்றார்.

இதை மொழிபெயர்த்ததும் லூக்கா வந்ததிலிருந்து முதல்முறையாகச் சிரித்தான். ஒட்டிக்கொள்ளும் வேட்டி வேண்டாம், கட்டும் வேட்டிதான் வேண்டும் என்று பிடிவாதமாக வாங்கினான். கடைப் பையன்கள் கட்டிக் காட்டினார்கள். இரண்டு முறை அவிழ்ந்தது.

திரும்பும் வழியில் குறுக்குத்துறையில் இறங்கினோம். ஆற்றில் தண்ணீர் குறைவு. முருகன் கோவில் படியில் உட்கார்ந்து காலை நனைத்துக்கொண்டு, அவன் தன் பக்கத்தைச் சொன்னான். அம்மாவைப்போல அலங்காரமாகப் பேசத் தெரியாதவன். பள்ளிக்கூடத்தில் அவன் உள்ளே நுழைந்தால் யாராவது "கப்பல் வந்துவிட்டது!" என்று கத்துவார்களாம். பட்டாளத்தில் கத்தினார்கள். முதல் வேலையில் கத்தினார்கள். பாட்டி செத்த அன்று, தீவின் படகுத்துறையில் அவன் இறங்கியபோது, பக்கத்துக் காப்பிக் கடை ரேடியோவில் அவன் ஆறு வயதுக் குரலே கேட்டது. யாரும் கெட்ட எண்ணத்தில் செய்ததில்லை.

"பாட்டு அவளுடையது. பாடட்டும். குரலை மட்டும் எடுத்துவிடச் சொன்னேன். ஒரே ஒரு முறை கேட்டேன்" என்றான். "ஜனங்கள் ஏமாந்துபோவார்கள் என்றாள். நான் அதன்பிறகு போன் செய்யவில்லை."

"நாளைக்கு அது இங்கே கேட்காது" என்றேன்.

அவன் தலையசைத்தான். நான் சொன்னது வாக்கு என்று அவன் எடுத்துக்கொண்டது முகத்தில் தெரிந்தது.

புதன்கிழமை விடிந்ததும் வேனில் கிளம்பினோம். எங்கள் குலசாமியான சாஸ்தா இருப்பது அம்பாசமுத்திரம் தாண்டி, மலையடிவாரத்தில், வயல்களுக்கு நடுவே. சொந்தக்காரர்கள் நேராக வந்துவிடுவார்கள். வேனில் நாங்கள் மட்டும். நெவென்கா முன்வரிசை ஜன்னல் ஓரம், லூக்கா கடைசி வரிசை ஜன்னல் ஓரம். மேலச்செவலைத் தாண்டும்போது அண்ணாச்சி என் பக்கம் குனிந்து, கல்யாண ரகசியம்போலச் சொன்னார்.

"ஏளா கோமதி, சம்பந்தியம்மாளுக்கு ஒரு ஏற்பாடு பண்ணியிருக்கேன். கோவில்ல மைக் செட் போடச் சொல்லியிருக்கம்லா, செல்லத்துரைட்ட அவுக பாட்டை பென் டிரைவ்ல போட்டுக் குடுத்திருக்கேன். கார்த்திக்குட்ட கேக்காம நானே எறக்குனது. ரொம்பப் பேரு கேட்ட பாட்டாப் பாத்து எடுத்தேன்."

எந்தப் பாட்டு என்று நான் கேட்கத் தேவையில்லை.

"மொட்டை எடுக்கும்போது கைய காட்டுவேன், போடுவான். கெட்டிமேளம் மாதிரி."

அவரிடம் விளக்க வாயெடுத்தேன். வேன் பெரிய சத்தத்தோடு ஒரு பக்கம் சாய்ந்து நின்றது. சேரன்மகாதேவிக்கு இந்தப் பக்கம், பின்சக்கரம் வெடித்துவிட்டது. மாற்றுச் சக்கரத்தில் காற்றில்லை. ராகுகாலத்துக்கு முன்னால் முடியிறக்க வேண்டும் என்று அண்ணாச்சி பதறி, அந்த வழியாக வந்த சொந்தக்காரப் பையனின் பைக்கில் தொற்றிக்கொண்டு, "நீங்க பஸ்ஸைப் புடிச்சு வாங்க" என்று போய்விட்டார்.

செல்லத்துரை நம்பரை மதினியிடம் வாங்கிக் கூப்பிட்டேன். எடுத்தார்.

"செல்லத்துரை, அந்தப் பென் டிரைவ் பாட்டைப் போடாதீங்க."

"யாரு? சத்தமாப் பேசுங்க!" பின்னால் அவருடைய ஒலிபெருக்கிக் குழாயிலேயே பக்திப் பாட்டு அலறிக்கொண்டிருந்தது.

"போடாதீங்க!"

"போட்டுட்டுத்தானக்கா இருக்கேன்! நல்லாக் கேக்குதா?"

மூன்று முறை கூப்பிட்டேன். மூன்று முறையும் நல்லாக் கேக்குதா என்றுதான் கேட்டார்.

பஸ் வந்தது. உட்கார இடமில்லை. கண்டக்டர் நெவென்காவைப் பார்த்துத் திகைத்து, "லேடீஸ் இங்கன, ஜென்ட்ஸ் அங்கன" என்று அம்மாவையும் மகனையும் ஆளுக்கொரு பக்கம் பிரித்து நிறுத்தினார். அந்த ஒரு விஷயத்தில் ஊர் வழக்கம் எனக்கு உதவியது. லூக்காவுக்கு யாரோ எழுந்து இடம் கொடுத்தார்கள். நின்றுகொண்டிருந்த இவானா, நம் பெண்கள் செய்வதுபோலவே, பிள்ளையைத் தூக்கி உட்கார்ந்திருந்தவன் மடியில் வைத்தாள். மாயா அவன் சட்டைப் பித்தானை வாயில் வைத்துக்கொண்டாள். வீரவநல்லூர், கல்லிடைக்குறிச்சி என்று ஒவ்வொரு நிறுத்தத்திலும் கூட்டம் ஏறியது. அவன் பிள்ளையின் தலைமேல் கையைக் குடைபோல வைத்திருந்தான். நெவென்கா கம்பியைப் பிடித்தபடி அதையே பார்த்துக்கொண்டு வந்தார். நான் பஸ்ஸின் வேகத்தையே பார்த்துக்கொண்டு வந்தேன்.

அம்பாசமுத்திரத்தில் ஆட்டோ மாறி, வரப்போரம் இறங்கியபோது குழாய்ச் சத்தம் வயல் முழுக்கக் கேட்டது. பக்திப் பாட்டுத்தான். பனைமரத்தில் ஒன்று, வேப்பமரத்தில் ஒன்று என்று இரண்டு குழாய்கள். நான் செருப்போடு வரப்பில் ஓடினேன்.

செல்லத்துரை ஆம்ப்ளிஃபயர் முன்னால் பனியனோடு உட்கார்ந்திருந்தார். "அக்கா, நீங்க ஒண்ணு சொல்லுதீங்க, அண்ணாச்சி ஒண்ணு சொல்லுதாவ. கைய காட்டுனா போடணும்னு உத்தரவு. அவுகளே வந்து வேண்டாம்னு சொல்லட்டும்" என்றார்.

அண்ணாச்சி பூசாரியோடு அபிஷேகத்துக்குப் பால் ஊற்றிக்கொண்டிருந்தார். காதோடு சொன்னேன். "அந்தப் பாட்டு வேண்டாம் அண்ணாச்சி. அதுல லூக்கா குரல் இருக்கு. சின்னப் பிள்ளையா இருந்தப்பம் பேசினது."

அவர் முகம் மலர்ந்துவிட்டது. "தாய்மாமன் குரலா? அப்பம் ரொம்ப விசேஷமாப் போச்சே!"

"அய்யோ, அது அவனுக்குப் பிடிக்காது. கேட்டா எந்திரிச்சுப் போயிருவான். மொட்டை நின்னுரும்."

"பெத்த தாய் பாடுன பாட்டு பிடிக்காமப் போவுமா?"

"அண்ணாச்சி, நம்ம அப்பா உங்களை ஊரு முன்னால அடிச்சதை ஒருத்தன் பாட்டாக் கட்டி, அதைக் கோவில் கொடைக்குக் கொடை குழாயில போட்டா நீங்க வந்து உக்காருவீங்களா?"

அவர் பால் செம்பைக் கீழே வைத்தார். "சரி. போடல, போ" என்றார். அதற்குள் நாவிதர் குரல் கொடுத்தார். நேரமாகிவிட்டது. எல்லாரும் வேப்பமர நிழலுக்கு நகர்ந்தார்கள். செல்லத்துரையிடம் அவர் சொல்லவில்லை என்பது எனக்கு அந்த அவசரத்தில் உறைக்கவில்லை.

லூக்கா புது வேட்டியோடு பலகையில் சம்மணமிட்டு உட்கார்ந்தான். மடியில் மாயா. நாவிதர் தலையை நனைத்து, உச்சியிலிருந்து கத்தியை இழுத்தார். முதல் முடி விழுந்ததும் பிள்ளை வீறிட்டாள். கால்களை உதைத்தாள். "அசையாமப் பிடிங்க சார்" என்றார் நாவிதர். முன்வரிசைப் பிளாஸ்டிக் நாற்காலியில் நெவென்கா பாதி எழுந்து பாதி உட்கார்ந்திருந்தார்.

அண்ணாச்சி அப்போது மதினியைப் பார்த்துக் கையைத் தூக்கினார். சந்தனக் கிண்ணத்துக்காக.

பக்திப் பாட்டு நின்றது. குழாயில் ஒரு 'கீச்'. பிறகு கடல் அலைச் சத்தம், அறுவடை முடிந்த எங்கள் வயல்களின் மேல். பிறகு ஒரு சின்னப் பையன் குரல், தெரியாத பாஷையில், பனைமரத்து உச்சியிலிருந்து பேசியது.

கத்தி பிள்ளையின் காதோரம் இருந்தது. லூக்காவின் ஒரு கால் எழுவதற்காகப் பலகையைவிட்டு வெளியே வந்துவிட்டது. கழுத்து சிவந்தது. "சார், அசையாதீங்க! கத்தி!" என்றார் நாவிதர். அவன் அந்த நிலையிலேயே நிறுத்திக்கொண்டான். எழவும் இல்லை, உட்காரவும் இல்லை. கண் மட்டும் கத்தியிலேயே இருந்தது.

நான் நெவென்காவைப் பார்த்தேன். அந்தக் குரல் முடியும் இடத்தில் அவர் பாட்டைத் தொடங்க வேண்டும். முப்பது வருடமாகத் தொடங்கிய இடம். அவர் மூச்சை இழுத்தார். கை தானாகத் தொண்டைத் துண்டுக்குப் போனது. உதடு பிரிந்தது.

பிறகு அவர் நடந்தார். ஓடவில்லை. மேடைகளிலேயே வாழ்ந்தவர், எந்த வயர் எங்கே போகிறது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. செல்லத்துரை எழுவதற்குள், அவர் முழங்காலைத் தாண்டிக் கையை நீட்டி, பிளக்கைப் பிடுங்கினார்.

கடல் நின்றது. பிள்ளையின் அழுகை மட்டும் கேட்டது.

"எவம்லே கரண்டைப் புடுங்கினது?" என்று கத்திக்கொண்டு திரும்பிய அண்ணாச்சி, பிளக்கும் கையுமாகச் சம்பந்தியம்மா நிற்பதைப் பார்த்து வாயை மூடிக்கொண்டார்.

"ஒருத்தராவது காலைப் பிடிங்கம்மா, பிள்ளை துள்ளுதுல்லா" என்றார் நாவிதர். கத்தி இன்னும் காதோரம்தான் இருந்தது. அவர் சொன்னது லூக்காவுக்குப் புரிந்திருக்க முடியாது. ஆனால் துள்ளும் கால்களை அவன் பார்த்தான். தலையைத் தூக்காமலே இரண்டு சொல் சொன்னான். அது என்ன என்று இவானா என் தோளைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்.

"'அம்மா, கால்.'"

நெவென்கா பிளக்கைச் செல்லத்துரை மடியில் போட்டுவிட்டு வந்தார். மடக்க முடியாத கால். ஒரு கையைத் தரையில் ஊன்றி, மண்ணிலேயே உட்கார்ந்தார். பேத்தியின் இரண்டு பாதங்களையும் உள்ளங்கைகளில் பிடித்துக்கொண்டார். மகன் வெளியே எடுத்த காலை உள்ளே மடித்தான். தலை முழுவதும் முடிந்து, சந்தனம் பூசியபோது பிள்ளை விக்கிக்கொண்டே தூங்கிவிட்டாள். அதன்பிறகும் நெவென்கா பாதங்களை விடவில்லை. லூக்கா விடச் சொல்லவில்லை.

"நல்ல பாட்டுத்தானக்கா. எதுக்குப் புடுங்கினாவ?" என்று செல்லத்துரை என்னிடம் வருத்தப்பட்டார். "குழாய் சத்தம் பத்தலையோ?"

பந்தியில் மறுபடி மூன்று இலை, நடுவில் நான். அவர்கள் பேசிக்கொள்ளவில்லை. இரண்டாவது முறை சோறு வந்தபோது லூக்காவின் இலையில் அப்பளம் தீர்ந்திருந்தது. நெவென்கா தன் அப்பளத்தை எடுத்து, என் இலைக்கு மேலாகக் கையை நீட்டி, அவன் இலையில் வைத்தார். அவன் அதை நொறுக்கிச் சோற்றில் போட்டுக்கொண்டான். மறுநாள் ஆளுக்கொரு விமானத்தில் போனார்கள்.

அடுத்த மாதம் இவானா கச்சேரியின் வீடியோவை அனுப்பினாள். லூக்கா அங்கே இருந்தானா என்று அவள் எழுதவில்லை, நானும் கேட்கவில்லை. அண்ணாச்சி வீட்டு டிவியில் போட்டுப் பார்த்தோம். கடற்கரை மேடை. நெவென்கா பச்சைத் துண்டோடு நின்றார். கடைசிப் பாட்டு. அலைச் சத்தம் வந்தது. குரல் வர வேண்டிய இடம் வந்தது. வரவில்லை. அந்த வரி அங்கே எல்லாருக்கும் மனப்பாடம். கூட்டம் அதைத் தானே சொல்ல வாயெடுத்தது. நெவென்கா கையை உயர்த்தினார். அவ்வளவு பெரிய கூட்டமும் நின்றது. அலை மட்டும் கேட்டது.

அண்ணாச்சி ரிமோட்டை எடுத்துச் சத்தத்தைக் கூட்டிப் பார்த்தார்.

"என்னளா இது, சம்பந்தியம்மா கைய காட்டிட்டாவ, பாட்டைக் காணுமே. மைக் செட்டுக்காரன் தூங்கிட்டானா?"

"கொஞ்சம் பொறுங்க அண்ணாச்சி" என்றேன். "இப்பம் பாடுவாங்க."